இடங்களோடு வாக்குகளையும் அச்சிடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

தேர்தல் முடிவு வரும் நாட்களில் உங்கள் நாளிதழின் முதல் பக்கத்தை வரி விடாமல் படிப்பவள் நான். எந்த நாட்டுத் தேர்தலாக இருந்தாலும் தலைப்பில் ஓர் எண் இருக்கும்: எந்தக் கட்சிக்கு எத்தனை இடம். அதையொட்டி ‘அமோக வெற்றி’, ‘படுதோல்வி’ என்ற சொற்கள் வரும். அந்தக் கட்சிக்கு எத்தனை பேர் வாக்களித்தார்கள் என்ற கணக்கு மட்டும் உள்பக்கத்தில் எங்கோ ஒதுங்கிக் கிடக்கும். சில நாட்கள் வருவதே இல்லை. அந்தக் கணக்கையும் முதல் பக்கத்துக்குக் கொண்டுவாருங்கள் என்று கேட்கத்தான் இந்தக் கடிதம். ஏன் கேட்கிறேன் என்று சொல்லக் கொஞ்சம் நீளமாகவே எழுத வேண்டியிருக்கிறது.

2024 ஜூலையில் நடந்த பிரிட்டன் தேர்தலில் மொத்தம் 650 இடங்கள். தொழிற்கட்சி 411 இடங்களைப் பிடித்தது. அது வாங்கிய வாக்கு 33.7 சதவீதம். அதாவது மூன்றில் ஒரு பங்கு வாக்கை வைத்துக்கொண்டு மூன்றில் இரண்டு பங்கை நெருங்கும் இடங்கள். அதே தேர்தலில் ரிஃபார்ம் கட்சி 14.3 சதவீத வாக்கு வாங்கி 5 இடங்களோடு நின்றது. அதைவிடக் குறைவாக, 12.2 சதவீதம் வாங்கிய லிபரல் டெமாக்ரட் கட்சிக்கு 72 இடங்கள். ரிஃபார்ம் கட்சியின் கொள்கைகள் எனக்கு அறவே பிடிக்காதவை. ஆனாலும் அதற்கு வாக்களித்தவர்களும் வரிசையில் நின்று வாக்களித்தவர்கள்தான். ஏழு பேரில் ஒருவர் சொன்னது நாடாளுமன்றத்தில் நூற்றில் ஒரு பங்கு கூடக் கேட்கவில்லை என்றால், அதை எனக்குப் பிடித்த முடிவு என்பதற்காகச் சரியென்று சொல்ல முடியாது.

ஒரே ஒரு தொகுதியைக் கிட்டே போய்ப் பார்ப்போம். தென்மேற்கு நார்ஃபோக். முன்னாள் பிரதமர் லிஸ் டிரஸ் அங்கே 630 வாக்கு வித்தியாசத்தில் தோற்றார். அது உலகச் செய்தியானது. வென்றவர் வாங்கிய வாக்கு 26.7 சதவீதம் என்பது செய்தியாகவில்லை. அந்தத் தொகுதியில் வாக்களித்த நான்கு பேரில் ஏறத்தாழ மூன்று பேர் வேறு யாரையோ விரும்பியவர்கள். அவர்களுக்கும் சேர்த்துத்தான் அவர் பிரதிநிதி. அவரைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. போட்டியிட்டவர்களில் யார் முந்துகிறாரோ அவர் வெற்றி, எவ்வளவு முந்தினார் என்பது பற்றிக் கேள்வியே இல்லை என்று விதி சொல்கிறது. விதிப்படிதான் எல்லாம் நடந்தது.

நான் ஓய்வுபெற்ற கணித ஆசிரியை. பணியில் இருந்த காலத்தில் வாக்கு எண்ணும் வேலைக்கும் போயிருக்கிறேன், வாக்குச்சீட்டு இருந்த நாட்களில். சீட்டுகளைப் பிரித்து, வேட்பாளர் வாரியாக அடுக்கி, கட்டுக்கட்டாக ரப்பர் வளையம் போட்டு வைப்போம். பெரிய கட்டுகள் பக்கம்தான் எல்லார் கண்ணும். மேசை ஓரத்தில் மெலிந்த கட்டுகள் இரண்டு மூன்று இருக்கும். எல்லா மேசைகளிலும் இருக்கும் அந்த மெலிந்த கட்டுகளைச் சேர்த்தால் ஆயிரக்கணக்கில் வரும். எண்ணி முடித்ததும் அவையும் அதே பெட்டிக்குள் போய் முத்திரை வைக்கப்படும். அந்தச் சீட்டுகள் சொன்னதற்கு அப்புறம் எந்த வேலையும் இல்லை. செல்லாத ஓட்டுக்கு நேர்ந்த கதிதான் செல்லுபடியான அந்த ஓட்டுகளுக்கும். அந்த மேசையில் உட்கார்ந்துதான் இந்த விஷயத்தின் மீது எனக்கு அக்கறை வந்தது.

அந்த அக்கறையை வகுப்பறைக்கும் கொண்டுபோனேன். ஏழாம் வகுப்பில் வகுப்புத் தலைவர் தேர்தல். மூன்று பேர் நின்றார்கள். ஒருவன் விளையாட்டில் கெட்டிக்காரன். ஒருத்தி படிப்பில் எப்போதும் முதலிடம். மூன்றாமவன் யாரோடும் சண்டைக்குப் போகாத அமைதியான பையன். வெறுமனே ஒரு பெயரை எழுதச் சொல்லாமல், மூவரையும் 1, 2, 3 என்று வரிசைப்படுத்தி எழுதச் சொன்னேன். மொத்தம் 41 சீட்டு. முதலிடத்தை மட்டும் எண்ணினால் விளையாட்டு வீரனுக்கு 17, மாணவிக்கு 14, அமைதியானவனுக்கு 10. முந்தியவர் வெற்றி என்றால் விளையாட்டு வீரன்தான் தலைவன். வகுப்பு கை தட்டியது.

சரி, இன்னொரு விதியில் எண்ணிப் பார்ப்போம் என்றேன். கடைசியில் நிற்பவரை நீக்கிவிட்டு, அவருடைய சீட்டுகளில் இரண்டாவதாக யார் பெயர் இருக்கிறதோ அவருக்கு அவற்றைக் கொடுக்க வேண்டும். அமைதியானவனின் 10 சீட்டுகளில் 8 மாணவிக்குப் போயின, 2 விளையாட்டு வீரனுக்கு. இப்போது மாணவிக்கு 22, அவனுக்கு 19. தலைவர் மாறிவிட்டார். வகுப்பில் ஒரே சத்தம். மூன்றாவதாக, ஒருவரை ஒருவர் நேருக்கு நேர் நிறுத்திப் பார்த்தோம். விளையாட்டு வீரனா அமைதியானவனா என்றால் அமைதியானவனை மேலே வைத்தவர்கள் 22 பேர், மற்றவனை மேலே வைத்தவர்கள் 19 பேர். மாணவியா அமைதியானவனா என்றால் 25-க்கு 16. முதல் எண்ணிக்கையில் கடைசியில் நின்றவன் இருவரையும் தனித்தனியாகத் தோற்கடிக்கிறான்!

சீட்டு அதே சீட்டு. ஒருவர் மனமும் மாறவில்லை. விதியை மாற்றியதும் மூன்று பேர் மாறி மாறி ஜெயித்தார்கள். முன்பே அறிவித்த விதி முதலாவது என்பதால் விளையாட்டு வீரனே தலைவனானான். பின் பெஞ்சிலிருந்து ஒரு பெண் எழுந்து, “எந்த விதின்னு யார் டீச்சர் முடிவு பண்றது?” என்று கேட்டாள். இந்த விஷயத்தில் என் காதில் விழுந்த கேள்விகளிலேயே கூர்மையானது அதுதான். அந்தக் கேள்விக்குக் கடைசியில் வருகிறேன்.

இது வகுப்பறைக் கணக்கு மட்டும் இல்லை. பிரெஞ்சு அறிஞர் கோந்தோர்சே 1785-லேயே இந்த நேருக்கு நேர் ஒப்பீட்டை எழுதி வைத்தார். 1951-ல் அமெரிக்கப் பொருளாதார அறிஞர் கென்னத் ஆரோ ஒரு படி மேலே போய், மூன்றோ அதற்கு மேலோ தேர்வுகள் இருந்தால், நாம் நியாயம் என்று கருதும் எல்லா நிபந்தனைகளையும் ஒருசேர நிறைவேற்றும் தரவரிசை முறை எதுவும் இருக்க முடியாது என்று நிரூபித்தார். 2022 ஆகஸ்டில் அமெரிக்காவின் அலாஸ்கா மாநிலத்தில் நடந்த இடைத்தேர்தல் எங்கள் வகுப்பின் இரண்டாவது எண்ணிக்கையை அப்படியே நினைவூட்டியது. மூன்றாவதாக வந்த நிக் பெகிச் நீக்கப்பட்டார், மேரி பெல்டோலா வென்றார். பிறகு சீட்டுகளை ஆராய்ந்தபோது, பெகிச் நேருக்கு நேர் நின்றிருந்தால் மற்ற இருவரையும் வென்றிருப்பார் என்று தெரிந்தது. ஆக, குறையே இல்லாத முறை என்று யாராவது விற்க வந்தால் வாங்கத் தேவையில்லை. ஆனால் எல்லா முறையிலும் குறை உண்டு என்பதால் எல்லா முறையும் ஒன்றுதான் என்று ஆகிவிடாது. கணக்கு தெரிந்தவர்களே சில சமயம் இந்த இடத்தில் நின்றுவிடுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை.

முந்தியவர் வெற்றி என்ற முறை செய்த வேலைகளைப் பாருங்கள். இலங்கையில் 1970 தேர்தலில் ஐக்கிய தேசியக் கட்சி ஏறத்தாழ 38 சதவீத வாக்கு வாங்கியது. கிடைத்தது 151-ல் 17 இடம். அதைவிட ஒரு சதவீதம் குறைவாக வாங்கிய இலங்கை சுதந்திரக் கட்சிக்கு 91 இடம். கூட்டணி அமைத்து, எந்தத் தொகுதியில் யார் நிற்பது என்று பங்கிட்டுக்கொண்டவர்களுக்கு விதி அள்ளிக் கொடுத்தது. ஏழே ஆண்டில் நிலைமை தலைகீழ். 1977-ல் ஐக்கிய தேசியக் கட்சிக்கு 51 சதவீதத்தை ஒட்டிய வாக்கு, 168-ல் 140 இடம். ஏறத்தாழ 30 சதவீதம் வாங்கிய சுதந்திரக் கட்சிக்கு 8 இடம். 7 சதவீதத்துக்கும் குறைவாக வாங்கிய தமிழர் விடுதலைக் கூட்டணி வடக்கு கிழக்கில் 18 இடங்களை வென்று பிரதான எதிர்க்கட்சியானது. அமிர்தலிங்கம் எதிர்க்கட்சித் தலைவரானார். ஆறில் ஐந்து பங்கு இடங்களைக் கையில் வைத்திருந்த அரசு அடுத்த ஆண்டே புதிய அரசியலமைப்பைக் கொண்டுவந்தது. ஜனாதிபதி முறை உறுதிப்பட்டது அதில்தான். வாக்காளர்களில் பாதிப் பேர் கொடுத்த ஒப்புதலை விதி பெரிதாக்கிக் காட்டியது. அந்தப் பெரிதான உருவத்தை வைத்து நாட்டின் அடித்தளமே மாற்றப்பட்டது.

இதில் இன்னொன்றும் தெரிகிறது. வாக்கு எவ்வளவு என்பதைவிட அது எங்கே குவிந்திருக்கிறது என்பதுதான் இந்த முறையில் முக்கியம். கனடாவில் 1993-ல் முற்போக்குப் பழமைவாதக் கட்சி 16 சதவீதம் வாங்கியது. ஆளுங்கட்சியாக இருந்த அதற்கு 295-ல் 2 இடம்தான் மிஞ்சியது. 13.5 சதவீதம் வாங்கிய புளோக் கியூபெக்வா கட்சிக்கு, வாக்கு முழுக்க கியூபெக் என்ற ஒரே மாகாணத்தில் குவிந்திருந்ததால், 54 இடம். இந்தியாவில் 2014 மக்களவைத் தேர்தலில் பாஜக 31 சதவீத வாக்கில் 543-ல் 282 இடம் பெற்றது. வாக்கு விகிதத்தில் நாட்டிலேயே மூன்றாவதாக வந்த பகுஜன் சமாஜ் கட்சி 2 கோடிக்கும் மேலான வாக்கு வாங்கியது. அதற்கு ஓர் இடம்கூட இல்லை. ஒரு வட்டாரத்தில் அடர்ந்து வாழும் மக்களுக்கு இந்த விதி சாதகம். நாடு முழுக்கச் சிதறி வாழ்பவர்களுக்கு, அவர்கள் கோடிக்கணக்கில் இருந்தாலும், கதவு திறப்பதில்லை.

இதனால் வாக்காளர் மனத்தில் நடப்பது இன்னும் மோசம். ‘அவர் நல்லவர்தான், ஆனால் ஜெயிக்க மாட்டார், ஓட்டு வீணாகிவிடும்’ என்று எத்தனை பேர் சொல்லிக் கேட்டிருக்கிறோம். ‘ஓட்டைப் பிரிக்க நிற்கிறான்’ என்ற ஏச்சும் அங்கிருந்துதான் வருகிறது. 2000-ல் ஃபுளோரிடாவில் புஷ் வென்ற வித்தியாசம் 537 வாக்கு. பசுமைக் கட்சியின் ரால்ஃப் நேடர் அங்கே வாங்கியது 97,000-க்கும் மேல். அமெரிக்க அதிபர் யார் என்பதே அதில் முடிந்துபோனது. புஷ்ஷை எதிர்த்து நின்ற ஆல் கோரின் ஓட்டைப் பிரித்துவிட்டார் என்று அன்றிலிருந்து நேடரைத் திட்டுகிறார்கள். விருப்பமானவருக்கு வாக்களித்ததற்காக ஒரு வாக்காளர் குற்றவுணர்வு கொள்ள வேண்டியிருக்கிறது என்றால், கோளாறு வேட்பாளரிடமா இருக்கிறது? இரண்டாம் விருப்பத்தை எழுத அந்தச் சீட்டில் இடமில்லை என்பதுதான் கோளாறு.

பிரான்சில் இரண்டு சுற்று இருக்கிறதே, யாருக்கும் பாதிக்கு மேல் கிடைக்காவிட்டால் முந்திய இருவரும் மறுபடி மோதுகிறார்களே என்பார்கள். அது பாதி மருந்துதான். 2002 அதிபர் தேர்தலின் முதல் சுற்றில் 16 பேர் நின்றார்கள். இடதுசாரி வாக்கு பல பக்கம் சிதறி, ஜோஸ்பன் 16.18 சதவீதத்தில் நின்றுவிட, 16.86 சதவீதம் வாங்கிய தீவிர வலதுசாரி லு பென் இரண்டாம் சுற்றுக்குள் நுழைந்தார். அங்கே அவரை எதிர்த்த சிராக்குக்கு 82 சதவீதம். இவ்வளவு பேர் எதிர்க்கும் ஒருவர் இறுதிச் சுற்றுக்கு வந்தது எப்படி என்று கேட்டால், மறுபடியும் பதில் விதியில்தான் இருக்கிறது.

வாங்கிய வாக்கின் அளவுக்கேற்ப இடம் கொடுக்கும் விகிதாசார முறையைப் பற்றிப் பேசினால் உடனே நிலையான ஆட்சி வராது என்ற பேச்சு வரும். அதை நான் லேசாகத் தள்ளிவிடவில்லை. அம்பேத்கரே 1949-ல் அரசியல் நிர்ணய சபையில் இந்தக் கவலையைச் சொன்னவர். பரவலான எழுத்தறிவு இல்லாத நாட்டுக்கு அது பொருந்தாது, சட்டமன்றம் சிறு சிறு குழுக்களாக உடையும் என்றார். பெல்ஜியத்தில் 2010 தேர்தலுக்குப் பிறகு அரசு அமைய 541 நாட்கள் ஆனது. இஸ்ரேலில் 2019 ஏப்ரல் முதல் 2022 நவம்பர் வரை ஐந்து தேர்தல்கள். இவை உண்மை. ஆனால் ஜெர்மனியும் விகிதாசாரம்தான், 1949-லிருந்து நடத்துகிறார்கள், நீண்டகாலம் பதவியில் இருந்த பிரதமர்களை அந்த நாடு கண்டிருக்கிறது. கூட்டணி பேசி அரசு அமைப்பதை அங்கே பலவீனமாக யாரும் பார்ப்பதில்லை. முந்தியவர் வெற்றி முறையிலும் கூட்டணி இல்லாமல் இல்லையே. அங்கே கூட்டணி தேர்தலுக்கு முன்னால் மூடிய கதவுக்குள் பேசப்படுகிறது; விகிதாசாரத்தில் மக்கள் கொடுத்த எடையைத் தெரிந்துகொண்ட பிறகு பேசப்படுகிறது. எனக்கு இரண்டாவதுதான் நேர்மையாகப் படுகிறது.

விகிதாசாரத்தில் கவனிக்க வேண்டிய இடம் வேறு. குறைந்தபட்ச வாக்கு வரம்பு, அதாவது இத்தனை சதவீதத்துக்குக் கீழே வாங்கிய கட்சிக்கு இடமே இல்லை என்ற கோடு. அதை எங்கே வைக்கிறார்கள் என்பதில் முறையே தலைகீழாகிவிடும். துருக்கியில் 10 சதவீத வரம்பு இருந்தது. 2002 தேர்தலில் இரண்டே கட்சிகள் அதைத் தாண்டின. ஏறத்தாழ 45 சதவீத வாக்கு நாடாளுமன்றத்துக்குள் வரவே இல்லை. 34 சதவீதம் வாங்கிய எர்டோகனின் கட்சிக்கு 550-ல் 363 இடம். பெயர் விகிதாசாரம், விளைவு பிரிட்டனுடையதேதான். ஜெர்மனியில் 5 சதவீதம். அங்கும் 2025-ல் சாரா வாகன்க்னெக்டின் கட்சி 4.98 சதவீதத்தில் நின்று, பத்தாயிரத்துக்கும் குறைவான வாக்கில் வாசலிலேயே தங்கிவிட்டது. நெதர்லாந்தில் வரம்பு கிட்டத்தட்ட இல்லை, 150 இடத்தில் ஓர் இடத்துக்கான வாக்கு இருந்தால் போதும், அதனால் கட்சிகள் ஏராளம். என் கருத்து, மூன்று அல்லது நான்கு சதவீதம் போதும் என்பது. இதில் மாற்றுக் கருத்து இருந்தால் நான் கேட்கத் தயார்.

கட்சிக்கு வாக்களித்து, கட்சி தரும் பெயர்ப் பட்டியலிலிருந்து உறுப்பினர்களை எடுக்கும் பட்டியல் முறையில் இன்னொரு குறை: நம் ஊருக்கென்று ஓர் ஆள் இருக்க மாட்டார். சாக்கடை அடைத்தால், பேருந்து நின்றுபோனால் யாரிடம் மனு கொடுப்பது? இந்தக் கேள்வி நியாயமானது. இதற்கு நியூசிலாந்து கண்ட விடையை நான் பெரிதும் மதிக்கிறேன். அங்கே 1978-லும் 1981-லும் தொழிற்கட்சி அதிக வாக்கு வாங்கியும், தேசியக் கட்சி அதிக இடம் பெற்று ஆட்சியில் தொடர்ந்தது. 1981-ல் ஐந்தில் ஒருவர் வாக்களித்த சோஷியல் கிரெடிட் கட்சிக்கு 2 இடம். மக்களுக்கு ஆற்றாமை. அரசு ஒரு தனி ஆணையம் அமைத்தது. 1986-ல் அது கலப்பு முறையைப் பரிந்துரைத்தது: வாக்காளருக்கு இரண்டு வாக்கு, ஒன்று தொகுதி உறுப்பினருக்கு, மற்றது கட்சிக்கு. மொத்தத்தில் எந்தக் கட்சிக்கு எத்தனை இடம் என்பதைக் கட்சி வாக்கு தீர்மானிக்கும். தொகுதியில் வென்றது போக மிச்சம் பட்டியலிலிருந்து நிரப்பப்படும். 1992-ல் ஒரு வாக்கெடுப்பு, 1993-ல் கட்டுப்படுத்தும் இறுதி வாக்கெடுப்பு. 53.9 சதவீதம் மாற்றத்துக்கு ஆதரவு. 1996-ல் முதல் தேர்தல். அத்தோடு விடவில்லை. பதினைந்து ஆண்டு கழித்து 2011-ல், இதையே வைத்துக்கொள்ளலாமா என்று மறுபடி மக்களைக் கேட்டார்கள். 57.8 சதவீதம் வைத்துக்கொள்வோம் என்றது.

அந்த மாற்றத்துக்குப் பிறகு அந்த நாட்டு நாடாளுமன்றத்தின் முகமே மாறியது. பெண்கள், பூர்வகுடி மாவோரிகள், பசிபிக் தீவினர், ஆசிய வம்சாவளியினர் கூடினார்கள். 2022 அக்டோபரில் பெண்கள் 60, ஆண்கள் 59 என்ற நிலை வந்தது. ஒரு தொகுதிக்கு ஒருவரை மட்டும் நிறுத்தும்போது கட்சி ‘ஜெயிக்கும் ஆள்’ என்று தனக்குப் பழகிய ஓர் அச்சையே தேடுகிறது. ஐம்பது பேர் பட்டியலை மக்கள் முன் வைக்கும்போது ஐம்பதும் ஒரே அச்சாக இருந்தால் வெட்கமாகிவிடும். காரணம் அவ்வளவுதான்.

ஒன்று, இரண்டு, மூன்று என்று எழுதும் முறை பாமரருக்குப் புரியாது என்று சொல்பவர்களுக்கும் ஒரு பதில் வைத்திருக்கிறேன். அயர்லாந்து மக்கள் நூறு ஆண்டுகளாக அப்படித்தான் வாக்களிக்கிறார்கள். ஒரு தொகுதிக்குப் பல உறுப்பினர்கள். வெல்வதற்குத் தேவையான வாக்குக்கு மேல் ஒருவருக்குக் கிடைத்தால் மிகுதி அடுத்த விருப்பத்துக்குப் போகும். கடைசியில் நிற்பவர் நீங்கினால் அவருடைய சீட்டுகளும் அப்படியே. எண்ணி முடிக்க நாட்கள் ஆகும், ஆகட்டும். 1959-லும் 1968-லும் ஆளுங்கட்சி அதை ஒழிக்க வாக்கெடுப்பு நடத்தியது. இரண்டு முறையும் மக்கள் மறுத்தார்கள். இந்தியாவில் எம்.பி.க்களும் எம்.எல்.ஏ.க்களும் வாக்களிக்கும் குடியரசுத் தலைவர் தேர்தலும், எம்.எல்.ஏ.க்கள் வாக்களிக்கும் மாநிலங்களவைத் தேர்தலும் இப்படி வரிசைப்படுத்தி எழுதும் மாற்றத்தக்க வாக்கு முறையில்தான் நடக்கின்றன. 1969-ல் வி.வி. கிரி முதல் எண்ணிக்கையில் பாதியைத் தொடவில்லை. இரண்டாம் விருப்பங்களைச் சேர்த்த பிறகே சஞ்சீவ ரெட்டியை வென்றார். இலங்கையில் 2024 ஜனாதிபதித் தேர்தலில் அநுர குமார திசாநாயக்க 42.31 சதவீதத்தில் நிற்க, அந்த நாட்டு வரலாற்றில் முதல்முறையாக இரண்டாம் விருப்பு வாக்குகள் எண்ணப்பட்டன. பன்னிரண்டு வயதுப் பிள்ளைகள் என் வகுப்பில் ஒரு தவறும் இல்லாமல் 1, 2, 3 எழுதினார்கள். எம்.பி., எம்.எல்.ஏ.க்களுக்குப் புரிவது வாக்காளருக்குப் புரியாது என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

இந்த முறைக்கும் அடி விழுந்ததுண்டு. மால்டாவில் 1981-ல் பாதிக்கு மேல் வாக்கு வாங்கிய தேசியக் கட்சிக்கு 31 இடம், தொழிற்கட்சிக்கு 34. பிறகு அரசியலமைப்பையே திருத்தினார்கள். ஆஸ்திரேலிய மேலவையில் 2013-ல் முதல் விருப்பமாக 0.51 சதவீதம் மட்டும் வாங்கிய ஒரு கட்சியின் வேட்பாளர், சிறு கட்சிகள் தங்களுக்குள் செய்துகொண்ட ஏற்பாட்டால் உறுப்பினரானார். 2016-ல் அந்த ஓட்டையை அடைத்தார்கள். குறை தெரிந்ததும் திருத்தினார்கள் என்பதைத்தான் இரண்டிலும் கவனிக்கச் சொல்கிறேன்.

இப்போது அந்தப் பின் பெஞ்சுப் பெண்ணின் கேள்வி. எந்த விதி என்று யார் முடிவு செய்வது? பெரும்பாலான நாடுகளில், அந்த விதியால் வென்றவர்கள்தான். கனடாவில் 2015-ல் ஜஸ்டின் ட்ரூடோ, பழைய முறையில் நடக்கும் கடைசித் தேர்தல் இதுதான் என்று வாக்குறுதி கொடுத்தார். அந்த முறையிலேயே அறுதிப் பெரும்பான்மை கிடைத்தது. 2017 பிப்ரவரியில் வாக்குறுதியைக் கைவிட்டார். 2019-ல் அவருடைய கட்சி பழமைவாதக் கட்சியைவிடக் குறைந்த வாக்கு வாங்கியும், அதிக இடம் பெற்று ஆட்சியில் நீடித்தது. பிரான்சில் மித்தரான் அரசு 1986 தேர்தலுக்காக விகிதாசாரத்தைக் கொண்டுவந்தது. அடுத்து வந்த சிராக் அரசு அதை எடுத்துவிட்டது. இரு தரப்பும் தங்களுக்கு எது லாபம் என்றுதான் பார்த்தன. இத்தாலியில் விதி பலமுறை மாறியதற்கும் இது ஒரு காரணம். ஆட்டக்காரர்களே விதியையும் எழுதினால் பார்வையாளர்களுக்கு என்ன மதிப்பு?

நியூசிலாந்து மாதிரி ஆட்சியாளர்களிடமிருந்து விலகி நிற்கும் ஆணையம், மக்கள் வாக்கெடுப்பு, சில ஆண்டு கழித்து மறுபரிசீலனை, இந்த மூன்றும் வேண்டும். ஆனால் மக்கள் அதைக் கேட்க வேண்டுமானால், தங்கள் வாக்கு என்ன ஆனது என்று முதலில் அவர்களுக்குத் தெரிய வேண்டும். அதைச் சொல்ல வேண்டிய இடம் நாளிதழ்தான். தொலைக்காட்சியில் முன்னிலை, பின்னடைவு என்று எண்கள் ஓடிக்கொண்டே இருக்கும். நிதானமாகக் கூட்டிக் கழித்துக் காட்ட அவர்களுக்கு நேரமில்லை. மறுநாள் காலை வரும் உங்களுக்கு இருக்கிறது.

எனவே நான் கேட்பது இதுதான். தேர்தல் முடிவைப் போடும் அட்டவணையில், கட்சி, இடங்கள் என்ற இரண்டு பத்திகளுக்குப் பக்கத்தில் வாக்கு சதவீதம், இடங்களின் சதவீதம் என்று இன்னும் இரண்டு பத்தி சேருங்கள். அட்டவணைக்கு அடியில் ஒரு வரி: வென்றவர் யாருக்கும் போகாத வாக்குகள் மொத்தம் எத்தனை. வாய்ப்பிருந்தால் இன்னொரு வரி: பாதிக்கு மேல் வாக்கு வாங்கி வென்றவர்கள் எத்தனை பேர், பாதிகூட வாங்காமல் வென்றவர்கள் எத்தனை பேர். எல்லாம் தேர்தல் ஆணையம் வெளியிடும் எண்களிலிருந்தே எடுக்கக்கூடியவை. முடிவு வந்த அன்று இரவே முழுக் கணக்கும் கிடைக்காது என்பது எனக்குத் தெரியும். இரண்டு நாள் கழித்துப் போட்டாலும் போதும், ஆனால் அதே முதல் பக்கத்தில் போடுங்கள். எந்தக் கட்சி வென்றாலும் அதே அட்டவணை வர வேண்டும். நீங்கள் ஆதரிக்கும் கட்சிக்குச் சங்கடமான எண் வரும் ஆண்டிலும் விடாமல் வர வேண்டும்.

கணக்குப் போட்டுத் தர ஆள் தேவைப்பட்டால் எழுதுங்கள். நானும், என்னோடு பணியாற்றி ஓய்வுபெற்ற கணித ஆசிரியர்கள் சிலரும் சேர்ந்து தொகுதி வாரியாகக் கூட்டி, சரிபார்த்து அனுப்பத் தயாராக இருக்கிறோம்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கணித ஆசிரியை ஒருவர்